348 கோல்கள்: தர்ஜினி சிவலிங்கமும் எங்கட சரிஞ்ச வளையமும்

கனகராயன்குளத்தில் நாங்கள் நெற்போல் பழகின வளையம் கொஞ்சம் இடப்பக்கம் சரிஞ்சிருக்கும். ஊர் ஒட்டுக்கடையில் செய்து பழைய தண்ணிக் குழாயில் பூட்டின வளையம் அது. யாரோ பெடியள் பிடிச்சுத் தொங்கியிருக்க வேணும். திருத்துவோம் திருத்துவோம் என்று சொல்லிச் சொல்லியே நான் ஓ.எல் முடிச்சு வெளியே வந்திட்டன். அந்தச் சரிவுக்கு ஏற்ற மாதிரித்தான் எங்கட சூட்டர் பந்து போடப் பழகியிருந்தாள். ஒருமுறை வலயமட்டம் கடந்து அடுத்த போட்டிக்குப் போனோம். அங்கே வளையம் நேராக இருந்தது. அவள் போட்டதில் பாதிக்கு மேல் விளிம்பில் பட்டு வெளியே போனது. பஸ்ஸில் திரும்பி வரேக்க ஒருத்தரும் கதைக்கேல்லை. ஓமந்தை தாண்டின பிறகு ரீச்சர் மட்டும், "நேரான வளையத்துக்கு ஆர் உங்களைப் பழக்கினது?" என்று சொல்லிச் சிரிச்சா. சிரிப்பு மாதிரி இருந்தாலும் அது சிரிப்பில்லை.

தர்ஜினி சிவலிங்கம் என்ற பெயரை நான் முதலில் கேட்டதும் அந்த ரீச்சரிடம்தான். அவவின் மேசைக் கண்ணாடிக்குக் கீழே பத்திரிகையிலிருந்து வெட்டின ஒரு படம் இருந்தது. நீலச் சீருடையில் ஒரு பெண் கையை உயர்த்திக்கொண்டு நிற்க, பக்கத்தில் நிற்கிற மற்றப் பெண்களின் தலை அவரது தோளுக்கும் எட்டாது. எங்களோடு விளையாடின ஒரு நெட்டைப் பிள்ளைக்குக் காட்டவென்றே அதை வைத்திருந்தா என்று பிறகு விளங்கினது. அந்தப் பிள்ளையை ஊரில் 'பனை' என்று கூப்பிடுவார்கள். வகுப்பில் கடைசி வாங்கில் கூனிக்கொண்டே இருப்பாள். "இந்த உயரத்துக்கு மாப்பிள்ளைக்கு எங்க போறது" என்று அவளின் அம்மம்மா எங்களுக்கு முன்னாலேயே சொல்லுவா. பத்தாம் வகுப்போடு அவள் விளையாட்டை விட்டிட்டாள். படம் மேசையில் அப்படியே கிடந்தது.

கம்பஸில் வரலாறு படிக்கத் தொடங்கின பிறகு தர்ஜினியைப் பற்றித் தேடித் தேடி வாசிச்சன். கிடைத்த கட்டுரைகளில் பாதிக்கு மேல் ஒரே வசனத்தோடுதான் தொடங்குது: 6 அடி 10 அங்குலம். அதாவது 208 சென்ரிமீற்றர். வலைப்பந்து உலகத்திலேயே மிக உயரமான வீராங்கனை. தகவல் சரிதான். ஆனால் வாசிக்க வாசிக்க எனக்கு எரிச்சல் வந்தது. உயரம் தானாக எழும்பிப் போய்க் கோல் போட்ட மாதிரியும், அவர் பின்னால் நடந்து போன மாதிரியும் எழுதுகிறார்கள். ஒரு தமிழ்ப் பெண் அந்த வளையத்துக்குக் கீழே வந்து நிற்க எத்தனை வருசம் எடுத்தது, ஏன் எடுத்தது என்ற கேள்வி அந்த அங்குலக் கணக்குக்குள் காணாமல் போகுது. வரலாறு படிக்கிற எனக்கு அதுதான் முக்கியமான கேள்வி.

முதலில் விளையாட்டைச் சொல்ல வேணும், விளையாடாத ஆக்களும் வாசிப்பினம்தானே. வளையம் தரையிலிருந்து 3.05 மீற்றர் உயரத்தில் இருக்கும். கூடைப்பந்தில் இருக்கிற பின்பலகை இதில் கிடையாது. பந்தைத் தட்டி ஓடவும் ஏலாது. கையில் வந்த பந்தை மூன்று செக்கனுக்குள் விட வேணும். ஏழு பேரில் இரண்டு பேருக்கு மட்டும்தான், அதுவும் 4.9 மீற்றர் ஆரையுள்ள அரைவட்டத்துக்குள் நின்றால் மட்டும்தான், கோல் போட அனுமதி. தர்ஜினி நின்ற இடம் 'கோல் சூட்டர்'. அந்த இடத்தில் நிற்கிறவர் மைதானத்தின் கடைசி மூன்றிலொரு பங்கை விட்டு வெளியே வரவே ஏலாது. எதிரணிக்காரர் தடுக்கிறதெல்லாம் பெரும்பாலும் பந்து அவரிடம் வந்து சேருவதைத்தான். முன்னுக்கு ஒருத்தி, பின்னுக்கு ஒருத்தி என்று அடைச்சு நிற்பார்கள். அவர் ஒரு கையை மேலே காட்ட, நடுமைதானத்திலிருந்து பந்து எல்லாருடைய தலைக்கும் மேலால் வரும். அதை நெருக்குவாரத்துக்குள் பிடிக்க வேணும், கால் தவறாமல் திரும்ப வேணும், மூன்று செக்கனுக்குள் பின்பலகை இல்லாத ஒரு வளையத்துக்குள் விட வேணும். இதை ஒரு மணித்தியால ஆட்டத்தில் ஐம்பது தடவை செய்ய வேணும். நெட்டையாக இருக்கிற எல்லாருக்கும் இது வருமென்றால் எங்கட பனையும் தேசிய அணியில் இருந்திருப்பாள்.

இந்த விளையாட்டின் கதையே கொஞ்சம் விசித்திரமானது. 1891இல் அமெரிக்காவில் நெய்ஸ்மித் கூடைப்பந்தைக் கண்டுபிடிக்கிறார். சில வருசத்தில் அது இங்கிலாந்தின் பெண்கள் உடற்பயிற்சிக் கல்லூரிக்குப் போய், நீளப் பாவாடையோடு ஓடக்கூடிய மாதிரி மாற்றப்படுகிறது. தட்டி ஓடுவது போச்சு, மைதானம் கட்டம் கட்டமாகப் பிரிக்கப்பட்டது, ஒவ்வொருத்திக்கும் எல்லை வந்தது. 1901இல் இங்கிலாந்தில் விதிகள் அச்சாகின. பிறகு பிரிட்டிஷ் கொடி போன இடமெல்லாம் பெண்கள் பள்ளிக்கூடங்களின் வழியாக நெற்போலும் போனது. அப்படித்தான் இலங்கைக்கும் வந்தது. நாட்டுக்கு நாடு விதி வேறாக இருந்ததால் ஒரு பொது விதி வேண்டுமென்று பல நாட்டுப் பிரதிநிதிகள் 1960இல் கூடினார்கள். கூடின நாடு எது தெரியுமோ? இலங்கை. சர்வதேச வலைப்பந்துச் சம்மேளனம் பிறந்தது இந்தத் தீவில்தான். 1963இல் இங்கிலாந்தின் ஈஸ்ற்போர்னில் முதல் உலகப் போட்டி நடந்தபோது அதில் இலங்கை அணியும் இருந்தது. இதை நான் படிச்ச எந்தப் பாடப்புத்தகத்திலும் பார்த்ததில்லை. கிரிக்கெட்டுக்கு 1996 என்று சின்னப் பிள்ளையும் சொல்லும்.

சரி, தர்ஜினி.

1979 ஜனவரி 9இல் பிறந்தவர். சொந்த ஊர் புன்னாலைக்கட்டுவனுக்குப் பக்கத்தில் இருக்கிற ஈவினை. அந்த வருசத்தையும் ஊரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் எங்கட ஆக்களுக்கு மிச்சம் சொல்லத் தேவையில்லை. அவருக்கு இரண்டு வயதாகும்போது யாழ்ப்பாண நூலகம் எரிஞ்சது. நாலு வயதில் 83. பதினொரு வயதில், 1990இல், வலிகாமம் வடக்குச் சனம் பலாலிப் பக்கத்தால் எழும்பி ஓடத் தொடங்கினது. பதினாறு வயதில் 1995 ஒக்ரோபர் இடப்பெயர்வு, ஒரே இரவில் வலிகாமமே நடந்து போன இரவு. பதினாறு வயது என்பது ஒரு விளையாட்டு வீராங்கனையின் உடம்பு உருவாகிற காலம். பள்ளி அணி, வலயம், மாகாணம், தேசியம் என்று படி ஏற வேண்டிய காலம். அந்தப் படியெல்லாம் இருந்த கட்டடமே இல்லாமல் போன காலம் அது.

அந்த இடப்பெயர்வில் வந்த சனத்தில் ஒரு பகுதி கிளாலி கடந்து வன்னிக்கு வந்தது. எங்கட ஒழுங்கையிலும் அப்படி வந்து திரும்பிப் போகாத இரண்டு குடும்பம் இருக்கு. வந்து ஒன்றரை வருசத்தில் 'ஜயசிக்குறு' தொடங்கினது, 1997 மே 13. வவுனியாவிலிருந்து ஏ9 நெடுக இராணுவம் மேல்நோக்கி வர, ஓமந்தை, புளியங்குளம், கனகராயன்குளம், மாங்குளம் என்று ஒவ்வொரு ஊராகச் சனம் எழும்பினது. 1999 நவம்பரில் அதே ரோட்டால் சண்டை திரும்பிக் கீழ்நோக்கிப் போனது. அம்மாவிடம் "நீங்கள் பள்ளிக்கூடத்தில் நெற்போல் விளையாடினீங்களோ?" என்று ஒருக்கால் கேட்டன். "எந்தப் பள்ளிக்கூடத்தில?" என்று திருப்பிக் கேட்டா. அவ படிச்சது நாலு பள்ளிக்கூடம், அதில் ஒன்று மரத்துக்குக் கீழே.

ஒப்பிட்டுப் பார்க்க ஒருவரைச் சொல்கிறேன். பிரான்ஸில் அலிசன் பினோ என்று ஒரு ஹான்ட்போல் வீராங்கனை. ஹான்ட்போலும் ஏழு பேர் விளையாட்டுத்தான், கையால் எறிந்து வலைக்குள் கோல் போடுவது. 1989இல் பிறந்த பினோ, 2009ஆம் ஆண்டுக்கான உலகின் சிறந்த வீராங்கனையாகத் தெரிவானபோது அவருக்கு வயது 20. பிறகு பிரான்ஸ், ருமேனியா, மசிடோனியா என்று தொழில்முறைக் கழகங்கள், 2016 ரியோவில் வெள்ளி, 2017இல் உலகக் கிண்ணம், டோக்கியோவில் ஒலிம்பிக் தங்கம். திறமைசாலி, சந்தேகமில்லை. ஆனால் அவருக்குக் கீழே லீக் இருந்தது, சம்பளம் இருந்தது, ஒலிம்பிக் இருந்தது. பெண்கள் ஹான்ட்போல் 1976 தொடக்கம் ஒலிம்பிக்கில் இருக்கிற விளையாட்டு. நெற்போலை இன்றுவரைக்கும் ஒலிம்பிக்கில் சேர்க்கவில்லை. தர்ஜினிக்கு இருபது வயது வந்த வருசம் 1999. அந்த வருசத்தில் வடக்கில் ஒரு பெண்ணுக்கு எந்த லீக், எந்தக் கோச்?

அவர் ஒழுங்காக விளையாடத் தொடங்கியது கிழக்குப் பல்கலைக்கழகத்துக்குப் போன பிறகுதான். வந்தாறுமூலையில். அதுவரை தன்னுடைய உயரத்துக்காகச் சனம் கேலி பண்ணினதையும், வெளியே போகவே கூச்சப்பட்டதையும் அவர் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். 2005இல் தேசிய அணிக்கு வரும்போது வயது 26. அந்த வயதில் எங்கட நாட்டில் பெரும்பாலான பெண்கள் கல்யாணத்தோடு சப்பாத்தைக் கழட்டி வைச்சிடுவினம். இவர் அந்த வயதில்தான் தொடங்கினார்.

இங்கே வங்கியைப் பற்றிச் சொல்லாமல் போக ஏலாது. இலங்கையில் பெண்களுக்குத் தொழில்முறை நெற்போல் லீக் என்று ஒன்று இல்லை. அந்த இடத்தை நிரப்பினது வர்த்தக நிறுவனங்களுக்கு இடையிலான போட்டிகள்தான். நல்லாய் விளையாடுகிற பெண்ணை ஒரு வங்கி வேலைக்கு எடுக்கும், அவள் பகலில் கவுன்ரரிலும் பின்னேரம் மைதானத்திலும் நிற்பாள். தர்ஜினி செலான் வங்கிக்காக விளையாடினார். ஒரு தமிழ்ப் பெண் கொழும்பில் தங்கி வருசக்கணக்காக விளையாடுவதற்கு உத்தியோகம் என்ற சொல் தேவைப்பட்டது என்றுதான் நான் நினைக்கிறன். "பிள்ளை விளையாடுது" என்றால் ஏற்காத வீடு, "பிள்ளை பாங்கில வேலை" என்றால் ஏற்கும்.

இனி 2009.

அந்த வருசம் மலேசியாவில் நடந்த ஆசிய வலைப்பந்துப் போட்டியில் இலங்கை சிங்கப்பூரைத் தோற்கடித்துக் கிண்ணம் எடுத்தது. வெற்றிக்கு முக்கிய காரணம் தர்ஜினி. அதே வருசம் நாங்கள் செட்டிகுளம் மெனிக் பாமில் இருந்தோம். முள்ளுக்கம்பிக்குள் கிட்டத்தட்ட மூன்று லட்சம் சனம். எனக்கு ஏழு வயது. தண்ணி வரிசையும், தறப்பாள் கூடாரத்துக்குள் மத்தியானம் அடிக்கிற வெக்கையும்தான் ஞாபகம். நாட்டின் பெயரை மார்பில் எழுதிக்கொண்டு ஒரு தமிழ்ப் பெண் கோல் கோலாகப் போட்டுக்கொண்டிருந்தது எங்களுக்குத் தெரியாது. தெரிஞ்சிருந்தாலும் என்ன செய்திருப்போம்? கை தட்டியிருப்போமோ?

இந்தக் கேள்வியைக் கம்பஸில் ஒரு நண்பனிடம் கேட்டன். அவன் முல்லைத்தீவுக்காரன். "அவ அவையின்ர ரீமுக்குத்தானே விளையாடினவ" என்றான், அவ்வளவுதான். கோபம்கூட இல்லை. நான் அவனோடு முழுதாக உடன்படவில்லை, முழுதாக மறுக்கவும் ஏலவில்லை. அந்த வெற்றியைத் தெற்கில் இன ஒற்றுமைக்கு உதாரணம் காட்டினவர்கள் இருக்கினம். காட்டுவது சுகம். ஒருத்தியை வளையத்துக்குக் கீழே நிறுத்தி, "பாருங்கள், எல்லாம் சரி" என்று சொல்லலாம். மூன்று லட்சம் பேர் கம்பிக்குள் இருக்கேக்க எல்லாம் சரியாக இருக்க ஏலாது. ஆனால் அந்தப் பொய்க்குத் தர்ஜினியை ஏன் கணக்குக் கேட்க வேணும்? அவர் அறிக்கை விடவில்லை. வந்த பந்தைப் பிடிச்சுப் போட்டார்.

இன்னொரு பக்கமும் இருக்கு. கோல் சூட்டர் தனியாக ஒன்றும் செய்ய ஏலாது என்று மேலே சொன்னேனே. பந்து வர வேணும். அதை எறிந்தவர்கள் பெரும்பாலும் சிங்களப் பெண்கள். 2018 அணித் தலைவி சதுரங்கி ஜயசூரிய, 2022இல் கயாஞ்சலி அமரவங்ச. எத்தனை அடி உயரத்தில் போட்டால் இவளுடைய கைக்கு மட்டும் எட்டும், எந்தக் கணத்தில் விட வேணும் என்பதெல்லாம் ஆயிரக்கணக்கான தடவை எறிந்து பழகினால்தான் வரும். யூரியூப்பில் பழைய ஆட்டங்களைப் பார்க்கேக்க எனக்குப் பிடிச்சது கோல் இல்லை, அந்த எறிதான். எறிகிறவள் வளையத்தைப் பார்க்க மாட்டாள். ஒரு கையைப் பார்ப்பாள். இதுக்கு நல்லிணக்கம் என்று பெயர் வைக்க எனக்கு மனம் வரவில்லை, அந்தச் சொல்லைக் கேட்டாலே ஒரு கூட்டமும் ஒரு பனரும்தான் ஞாபகம் வருது. ஆனாலும் அது ஒன்றுமில்லை என்றும் சொல்ல மாட்டன்.

2011இல் சிங்கப்பூரில் நடந்த உலகப் போட்டியில் சிறந்த சூட்டர் அவர்தான். பிறகு சில வருசம் தேசிய அணியில் அவரைக் காணவில்லை. இலங்கையும் ஆசியக் கிண்ணத்தைத் தொடவில்லை. 2018 செப்ரெம்பரில் திரும்பி வந்தார். பயிற்றுநர் திலகா ஜினதாச. சிங்கப்பூரில், சிங்கப்பூரையே இறுதியாட்டத்தில் 69க்கு 50 என்று வென்று, ஒரு ஆட்டமும் தோற்காமல் கிண்ணம். ஒன்பது வருசத்துக்குப் பிறகு. அந்த அணியில் இன்னொரு தமிழ்ப் பெண்ணும் இருந்தார், யாழ்ப்பாணத்து எழிலேந்தினி சேதுகாவலர். அவரும் உயரமானவர். அவரைப் பற்றியும் எங்கட பத்திரிகைகள் உயரத்தில்தான் தொடங்கினார்கள், வேறென்ன. தர்ஜினி அவுஸ்திரேலியாவுக்கும் போய், மெல்பேர்னின் சிற்றி வெஸ்ற் ஃபல்கன்ஸ் கழகத்துக்காக விக்ரோரிய மாநில லீக்கில் விளையாடியிருக்கிறார்.

2019 லிவர்பூல் உலகக் கிண்ணத்தின் புள்ளிவிபரத்தை நான் ஒரு இரவு முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தன். முழுத் தொடரிலும் கூடிய கோல் போட்டவர் தர்ஜினி சிவலிங்கம். 7 ஆட்டம், 348 கோல். ஆட்டத்துக்குச் சராசரி ஐம்பது. அவருக்கு அப்போது வயது 40. அவுஸ்திரேலியா, நியூசிலாந்து, ஜமெய்க்கா என்று முழுநேரமாக விளையாடுகிற நாடுகளின் சூட்டர்கள் எல்லாரும் அவருக்குக் கீழே. அடுத்த அட்டவணையைத் திறந்தால் இலங்கைக்குக் கிடைத்த இடம் 16 அணிகளில் 15.

இந்த இரண்டு இலக்கத்தையும் ஒன்றாக வைத்தால்தான் கதை விளங்கும். உலகத்திலேயே கூடக் கோல் போடுகிற ஒருவர் இருக்க, அணி கடைசிக்கு முதல் இடத்தில். பந்து அவரிடம் வந்தால் கோல்தான். ஆனால் எதிரணியின் பந்தைப் பறிக்க, நடுமைதானத்தில் ஓட, கடைசிப் பதினைந்து நிமிசத்தில் மூச்சு விட, அதுக்கெல்லாம் ஆள் வளர்க்கவில்லை. பெரிய அணிகளோடு மோதும்போது இலங்கை அவரை நம்பி மட்டும் விளையாடினது. அவர் வந்தார், காப்பாற்றினார், வயது போனது. பிறகு இன்னொரு நெட்டைப் பெண்ணைத் தேடினார்கள். உயரம் உயரம் என்று எழுதுவதில் இருக்கிற ஆபத்தே இதுதான் என்று எனக்குப் படுது. உயரம் பிறப்பில் வருவது, அதுக்கு ஒருத்தரும் செலவழிக்கத் தேவையில்லை. அடுத்த தர்ஜினி தானாகப் பிறப்பாள் என்று காத்திருக்கலாம், வளையம் நிமிர்த்தத் தேவையில்லை.

2022 செப்ரெம்பர் 11. பெற்றோல் வரிசையும் ஜனாதிபதி ஓடினதும் நடந்து இரண்டு மாதம். அன்றைக்கு டுபாயில் இலங்கை ஆண்கள் ஆசியக் கிண்ணக் கிரிக்கெட்டை வென்றார்கள். அதே நாள் சிங்கப்பூரில் இலங்கைப் பெண்கள் ஆசிய வலைப்பந்துக் கிண்ணத்தை வென்றார்கள், 63க்கு 53, ஆறாவது தடவை. தர்ஜினிக்கு 43 வயது. நாங்கள் விடுதியில் கிரிக்கெட்தான் பார்த்தோம், உண்மையைச் சொல்ல வேணும். நெற்போல் வென்றது அடுத்த நாள்தான் தெரியும். இரண்டு அணியையும் கட்டுநாயக்காவிலிருந்து கொழும்புக்குத் திறந்த பஸ்ஸில் ஊர்வலமாகக் கொண்டு போனார்கள். நான் அந்த வீடியோவில் தேடினது அவரைத்தான். தேடுவது லேசு, அவ்வளவு கூட்டத்துக்குள்ளும் தெரிவார். அதைச் சொல்லிப்போட்டுத்தான் யோசிச்சன், நானும் கடைசியில் உயரத்தைத்தானே சொல்லுறன்.

போன லீவுக்கு ஊருக்குப் போனபோது பழைய மைதானப் பக்கம் போனன். பின்னேரம். ஆறேழு பிள்ளையள் பொட்டத்தோடும் வெறுங்காலோடும் பழகிக்கொண்டு நின்றார்கள். குழாய் புதுசு, ஆரோ வெளிநாட்டில் இருக்கிற பழைய மாணவர் காசு அனுப்பினவராம். வளையம் பழசுதான், ஆனால் நிமிர்த்திப் பூட்டியிருந்தது. கட்டையான ஒரு பிள்ளை, அஞ்சடியும் வராது, சூட்டராக நின்று திரும்பத் திரும்பப் போட்டுக்கொண்டிருந்தாள். எண்ணிப் பார்த்தன். இருபதில் பதினொன்று. ரீச்சர் மதகடியில் இருந்து, "இன்னும் இருபது போட்டிட்டுப் போ" என்று கத்தினா.